பத்து விரலில் எத்தனை சக்கரம்?

மாரி மழை பிடித்துவிட்டால் திருகோணமலைத் தம்பலகாமத்தில் பொழுது சீக்கிரம் அடங்கிவிடும். வயல்வெளி முழுவதும் தவளைச் சத்தம். அம்மம்மா விளக்கைக் கிட்ட இழுத்து வைத்துக்கொண்டு பேரப்பிள்ளைகளின் கைகளை ஒவ்வொன்றாகப் பிடித்துப் பார்ப்பா. "உனக்கு மூண்டு சக்கரம், மிச்சமெல்லாம் சங்கு. இவனுக்கு ஏழு." விரல் நுனியில் கோடுகள் வட்டமாகச் சுழன்றால் அது சக்கரம். ஒரு பக்கத்தால் நுழைந்து, வளைந்து, வந்த பக்கத்தாலேயே வெளியேறினால் சங்கு. இத்தனை சக்கரம் என்றால் இன்ன பலன் என்றும் ஒரு கணக்கு வைத்திருந்தா.

அந்தப் பலன்களை நான் நம்பியதில்லை. ஆனால், உலகத்துப் பொலிஸ் நிலையங்கள் மனிதரை அடையாளம் காணப் பல தலைமுறையாக நம்பியிருந்த கணக்கும் சக்கரம் எண்ணும் கணக்குத்தான் என்பது, ரொறன்ரோவிலிருந்து மச்சாள் எடுத்த ஒரு தொலைபேசி அழைப்புக்குப் பிறகுதான் எனக்குத் தெரியவந்தது.

மச்சாளுக்கு முதியோர் இல்லமொன்றில் வேலை கிடைத்திருந்தது. வேலைக்கு முன் பொலிஸ் சான்றிதழ் கொடுக்கவேண்டும். விண்ணப்பித்தவருக்கு, பத்து விரல் அடையாளமும் தரவேண்டும் என்று பதில் வந்திருக்கிறது. "நான் ஒரு பிழையும் செய்யேல்லையே. என்ர கையை ஏன் கேக்கினம்?" குரல் நடுங்கியது. எங்கள் ஊர் மனிதருக்குப் பொலிஸ் என்ற சொல்லோடு சேர்ந்து வரும் நினைவுகள் அப்படி.

காரணம் அவர் பயந்ததுபோல் இல்லை. சிறுவர்கள், முதியவர்கள், நோயாளிகள் ஆகியோரோடு வேலை செய்யப்போகிறவர்களைக் கனடாவில் சற்று ஆழமாகச் சோதிப்பார்கள். பாலியல் குற்றம் செய்து, தண்டனை முடித்து, பின்னர் மன்னிப்புப் பெற்றவர்களின் பதிவுகள் தனியே ஒதுக்கி வைக்கப்பட்டிருக்கின்றன. அவர்களில் யாராவது பெயரை மாற்றிக்கொண்டு வேலைக்கு வந்தால்? இந்த ஓட்டையை அடைக்க, 2010 முதல் அங்கே பெயரை நம்பாமல், பிறந்த திகதியையும் பாலினத்தையும் வைத்துத் தேடுகிறார்கள். இரண்டும் பட்டியலிலுள்ள ஒருவரோடு பொருந்தினால் விரலடையாளம் கேட்பார்கள். கேட்கப்படுகிறவர்களில் மிகப் பெரும்பாலானோர் ஒரு குற்றமும் அறியாதவர்கள். முன்பின் தெரியாத ஒருவர் பிறந்த அதே நாளில் பிறந்ததைத் தவிர அவர்கள் எதுவும் செய்யவில்லை. அந்த ஒருவர் தாங்கள் அல்ல என்பதை நிரூபிக்க அவர்களிடம் இருப்பது விரல் மட்டும்தான்.

பெயர் ஏன் போதாது என்பதைத் தமிழருக்கு விளக்கத் தேவையில்லை. தகப்பன் பெயர் முன்னாலா பின்னாலா, எது குடும்பப் பெயர் என்ற குழப்பம் வெளிநாட்டு விமான நிலையத்திலேயே தொடங்கிவிடுகிறது. ஒரே சிவகுமார் ஆங்கிலத்தில் நாலு விதமாக எழுதப்படுகிறார். நாலு சிவகுமார்கள் ஒரே விதமாகவும் எழுதப்படுகிறார்கள். ஊர்ப் பெயருக்கும் அதே கதி. தம்பலகாமத்தை ஆங்கிலத்தில் எழுதும்போது முதலெழுத்துக்குப் பக்கத்தில் ஒருவர் 'எச்' போடுவார், மற்றவர் விடுவார். சிலர் 'தம்பல' என்று மெலிதாகவும், சிலர் அதையே வல்லோசையாகவும் எழுதுவார்கள். கடைசியில் காமம், கமம், கமுவ மூன்றும் வரும். ஒரே மனிதரின் பிறப்புச் சான்றிதழிலும் அடையாள அட்டையிலும் கடவுச்சீட்டிலும் மூன்று ஊர்கள் இருப்பதை நான் கண்டிருக்கிறேன்.

விரலை ஒரு காகிதத்துக்குச் சாட்சியாக்கும் அரசாங்க வழக்கம் எங்கள் பக்கத்துக் கடலின் வடகரையிலேயே வளர்ந்தது. 1858-இல் வங்காளத்து ஜங்கிப்பூரில் வில்லியம் ஹெர்ஷல் என்ற ஆங்கிலேய அதிகாரி, வீதி போடச் சரளை தருவதாக ஒப்பந்தம் எழுதிய ராஜ்யதர் கோனாய் என்பவரின் உள்ளங்கையில் மை பூசிப் பத்திரத்தின் பின்புறம் ஒற்றி எடுத்தார். பின்னாளில் கையொப்பத்தை மறுக்க அவருக்குத் துணிவு வராது என்பதே நோக்கம். விளையாட்டுப்போலத் தொடங்கியது ஹெர்ஷலை விடவில்லை. தன் விரலையும் நண்பர்களின் விரலையும் வருடக்கணக்காக ஒற்றி எடுத்துப் பார்த்தார், கோடுகள் மாறவேயில்லை. 1877-இல் ஹூக்ளியில் நீதவானாக இருந்தபோது ஓய்வூதியம் வாங்குபவர்களிடமும் பத்திரம் பதிபவர்களிடமும் சிறைக் கைதிகளிடமும் அடையாளம் எடுக்கத் தொடங்கினார். 1880-இல் தோக்கியோவில் மருத்துவராயிருந்த ஹென்றி ஃபோல்ட்ஸ், குற்றம் நடந்த இடத்து அடையாளத்தைக் கொண்டு குற்றவாளியைக் கண்டுபிடிக்கலாம் என்று 'நேச்சர்' இதழுக்கு எழுதினார்.

இவ்வளவும் இருந்தும் பெரிய சிக்கலொன்று தீரவில்லை. ஒரு இலட்சம் அட்டைகள் கையில் இருக்கின்றன என்று வையுங்கள். இன்று பிடிபட்டவன் வேறு பெயர் சொல்கிறான். அவனுடைய பழைய அட்டை அந்த இலட்சத்தில் எங்கே? ஒவ்வொன்றாகப் பார்த்தால் மாதங்கள் ஓடிவிடும். பெயரை அகரவரிசையில் அடுக்கலாம். விரலை எந்த வரிசையில் அடுக்குவது?

விடை கண்டவர் காஸி அஸிஸுல் ஹக். குல்னாப் பக்கத்துக் கிராமத்தில் பிறந்து, கல்கத்தா பிரசிடென்சிக் கல்லூரியில் கணிதம் படித்து, வங்காளப் பொலிஸ் மாஅதிபர் எட்வர்ட் ஹென்றியிடம் வேலைக்குச் சேர்ந்த இளைஞர். அவர் செய்ததை அம்மம்மாவின் மொழியிலேயே சொல்லிவிடலாம். பத்து விரலிலும் சக்கரத்தைத் தேடு. ஆனால் எத்தனை என்று மட்டும் எண்ணாதே. எந்த விரலில் என்றும் பார்.

வலது பெருவிரலிலும் சுட்டுவிரலிலும் சக்கரம் இருந்தால் ஒவ்வொன்றுக்கும் 16. வலது நடுவிரல், மோதிர விரலுக்கு 8. வலது சுண்டுவிரலுக்கும் இடது பெருவிரலுக்கும் 4. இடது சுட்டு, நடு விரல்களுக்கு 2. கடைசி இரண்டுக்கும் 1. சக்கரம் இல்லாத விரலுக்குப் பூச்சியம். வலது பெருவிரலிலிருந்து இடது சுண்டுவிரல் வரை ஒன்று, இரண்டு என்று எண்ணிக்கொண்டு போனால் இரட்டை இடத்தில் வரும் விரல்களின் கூட்டுத்தொகை மேலே, ஒற்றை இடத்தில் வருபவற்றின் தொகை கீழே. இரண்டோடும் ஒன்று கூட்டிக்கொள். வலது பெருவிரலிலும் வலது மோதிர விரலிலும் மட்டும் சக்கரம் உள்ளவருக்கு மேலே 8+1, கீழே 16+1. அவருடைய அட்டை 9/17 என்ற அறைக்குப் போகும். மேலே 1 முதல் 32 வரை, கீழே 1 முதல் 32 வரை. ஆக மொத்தம் 1,024 அறைகள்.

16, 8, 4, 2, 1 என்ற எண்களைக் கவனியுங்கள். எந்த விரல்கள் சேர்ந்தாலும் இன்னொரு சேர்க்கையின் தொகை வராது. இருக்கிறது, இல்லை என்ற இரண்டே விடைகளைக் கொண்டு பத்துக் கேள்வி கேட்டால் 1,024 பேரை வேறாக்கலாம் என்ற இதே தர்க்கத்தில்தான் பின்னாளில் கணினிகள் எழுந்தன. அம்மம்மாவின் எண்ணிக்கையில் பூச்சியம் முதல் பத்து வரை பதினொரு வகை மனிதர்தான். அதே சக்கரங்களை இடம் பார்த்து எண்ணியபோது ஆயிரத்துக்கு மேல் வகை பிறந்துவிட்டது. எனக்கு இந்த முழுக்கதையிலும் மிகப் பிடித்த இடம் இதுதான். மரத்தட்டிகளில் அடுக்கிய அட்டைகளுக்குள் நிமிடக்கணக்கில் ஒருவரைத் தேடி எடுக்கும் வித்தையைக் கல்கத்தாவில் ஒரு இளைஞர் தாளும் பென்சிலும் கொண்டு செய்து முடித்தார். ஒரு சக்கரமும் இல்லாதவர்களின் 1/1 அறை மட்டும் நிரம்பி வழிந்தது. அதை மேலும் பிரிக்க, சங்குகளின் சாய்வையும் கோடுகளின் எண்ணிக்கையையும் சேர்த்துக்கொண்டார்கள். அதில் ஹேம சந்திர போஸ் என்ற இன்னொரு வங்காளியின் உழைப்பு பெரிது.

1897-இல் கல்கத்தாவில் உலகின் முதல் விரலடையாளப் பணியகம் திறக்கப்பட்டது. 1901-இல் ஹென்றி இந்த முறையை லண்டன் ஸ்கொட்லன்ட் யார்டுக்குக் கொண்டுபோனார். அது உலகெங்கும் 'ஹென்றி முறை' என்றே பரவியது. 1900-இல் அவர் வெளியிட்ட நூலில் ஹக்கின் பெயரும் இல்லை, போஸின் பெயரும் இல்லை. 1926-இல் எழுதிய கடிதமொன்றில்தான், தன் அலுவலர்களில் இந்த முறைக்கு அதிகம் பங்களித்தவர் ஹக் என்று ஹென்றி ஒத்துக்கொண்டார். அது காலம் கடந்த நியாயம். பின்னாளில் பிரிட்டனின் விரலடையாள நிபுணர் சங்கம் இருவர் பெயராலும் ஒரு பரிசை ஏற்படுத்தியது.

இனி விரலுக்கே வருவோம். இந்தக் கோடுகளை யார் போடுகிறார்கள்?

தாயின் வயிற்றில் பிள்ளைக்கு இரண்டு மாதம் ஆகும்போது விரல் நுனிகள் சின்னத் தலையணைபோல் உப்பியிருக்கும். மூன்றாம் மாதத்தில் அந்த உப்பல் வற்றத் தொடங்கும் நேரம் பார்த்துத் தோலில் கோடுகள் எழும்புகின்றன. வற்றாமல் உயர்ந்தே இருந்த நுனியில் சக்கரம் வரும். பெரிதும் வற்றித் தட்டையான நுனியில் சாதாரண வளைவு. ஒரு பக்கம் சாய்ந்திருந்தால் சங்கு. உலகத்து விரல்களில் பாதிக்கு மேல் சங்குதான். ஏறத்தாழ மூன்றில் ஒன்று சக்கரம். வெறும் வளைவு நூற்றுக்கு ஐந்து அளவில்.

கோடு எப்படிக் கோடாகிறது என்பதற்கு 2023-இல் எடின்பரோப் பல்கலைக்கழகத்தில் டெனிஸ் ஹெடன் குழுவினர் தெளிவான விடை தந்தார்கள். தோலில் 'வளர்' என்று சொல்லும் மூலக்கூறுகளும் 'நிறுத்து' என்று சொல்லும் மூலக்கூறுகளும் ஒன்றையொன்று துரத்துகின்றன. வளர்ச்சி வென்ற இடம் வரப்பு, தடை வென்ற இடம் பள்ளம். இப்படி இரண்டு பொருள்கள் மோதினால் வரிகளும் புள்ளிகளும் தாமாக உருவாகும் என்று கணித மேதை அலன் ட்யூரிங் 1952-இலேயே எழுதியிருந்தார். வரிக்குதிரையின் வரிக்குச் சொல்லப்படும் கணக்கு மனித விரலுக்கும் பொருந்திவிட்டது. கோடுகள் மூன்று இடங்களில் தொடங்குகின்றன: நுனியின் நடுவில், நகத்துக்குக் கீழே, விரல் மடிப்பில். குளத்தில் மூன்று கல் போட்டால் அலைகள் பரவி வந்து முட்டுவதுபோல் மூன்று பக்கத்துக் கோடுகளும் பரவி வந்து சந்திக்கின்றன. எந்த அலை முந்தியது, நுனி எவ்வளவு உயரம், பிள்ளை அந்த வாரம் எப்படிக் கிடந்தது என்ற சில்லறைக் காரணங்கள் சேர்ந்து கோடு எங்கே முறியும், எங்கே இரண்டாகப் பிரியும் என்று தீர்மானிக்கின்றன. அதனால்தான் ஒரே கருவில் பிரிந்த இரட்டையருக்கும் விரல் ஒன்றாக இருப்பதில்லை. ஐந்தாம் மாதமளவில் வேலை முடிந்துவிடும். பிறகு விரல் பெரிதாகுமே தவிர வடிவம் மாறாது. வடிவத்தின் அச்சு மேல்தோலுக்கு அடியில் இருப்பதால், மேலே கீறினாலும் சுட்டாலும் அதே கோடு மீண்டும் முளைத்து வரும். அச்சுவரை இறங்கிய காயம் மட்டும் தழும்பாக நிற்கும்.

எங்கள் ஊரில் இதற்கு ஒரு சோதனை இருக்கிறது. கந்தளாய்க் குளத்துத் தண்ணீர் பாயும் வயல்களில் வருடக்கணக்காகக் களை பிடுங்கி, நாற்று நட்டு, வைக்கோல் கட்டிய கைகள். குடாவில் வலை இழுத்த கைகள். சீமெந்து குழைத்த கைகள். சீமெந்திலும் சுண்ணாம்பிலும் உள்ள காரம் தோலை அரிக்கிறது. மண்ணும் வைக்கோலும் அரம்போல் தேய்க்கின்றன. வயது போகப்போகத் தோல் காய்ந்து வரப்பு தாழ்கிறது. அப்படிப்பட்ட விரலைக் கண்ணாடித் தட்டில் வைத்தால் கருவிக்கு ஒன்றும் தெரிவதில்லை. இலங்கையில் 2015 முதல் கடவுச்சீட்டுக்கும் விரலடையாளம் எடுக்கிறார்கள். பிள்ளைகளைப் பார்க்கக் கடல் கடந்து போக விண்ணப்பிக்கும் ஒரு தாய், மூன்று முறை நான்கு முறை விரலைத் துடைத்து வைத்தும் 'தெளிவில்லை' என்று கேட்டுத் தலை குனிவதை நான் பக்கத்தில் நின்று பார்த்திருக்கிறேன். உழைத்த கை என்பதைத் தவிர அந்தக் கையில் ஒரு குறையும் இல்லை.

பிறப்பிலேயே கோடு இல்லாதவர்களும் மிகச் சிலர் உண்டு. 2007-இல் சுவிட்சர்லாந்துப் பெண்ணொருவர் அமெரிக்க எல்லையில் விரல் வைக்க முடியாமல் தவித்தார்; அவருடைய குடும்பத்தில் பலருக்கு அப்படித்தான். 2011-இல் அதற்குக் காரணமான மரபணுவைக் கண்டுபிடித்தார்கள். 'குடிவரவுத் தாமத நோய்' என்றே மருத்துவர்கள் அதற்குப் பெயர் வைத்தார்கள். புற்றுநோய்க்குக் கொடுக்கும் கெப்பசிற்றபின் மாத்திரையும் சிலருக்கு விரல் கோடுகளை அழித்துவிடுகிறது. சிங்கப்பூரிலிருந்து போன ஒரு முதியவரை அமெரிக்க விமான நிலையத்தில் அதற்காக நான்கு மணி நேரம் நிறுத்தி வைத்ததை 2009-இல் மருத்துவ இதழொன்று பதிவு செய்தது.

மச்சாள் கேட்ட கேள்வியின் மறுபாதி இனித்தான் வருகிறது. விரல் எதைச் சொல்லும், எதைச் சொல்லாது?

'முன்பு வந்தவரும் இப்போது வந்திருப்பவரும் ஒருவரே' என்று சொல்லும். அவர் எப்படிப்பட்டவர் என்று சொல்லாது. இந்த இரண்டையும் ஒன்றாகக் குழப்பியபோது தமிழ் மண்ணில் இரத்தம் சிந்தியது. குற்றப்பரம்பரைச் சட்டத்தைத் தென்தமிழ்நாட்டு மக்கள் 'கைரேகைச் சட்டம்' என்றே அழைத்தார்கள். ஒருவர் குற்றம் செய்தாரா என்று பார்க்காமல், பிறந்த சாதியைப் பார்த்து ரேகை எடுத்துப் பதிந்தது அந்தச் சட்டம். 1920 ஏப்ரல் 3 அன்று உசிலம்பட்டிக்கு அருகே பெருங்காமநல்லூரில் பிரமலைக் கள்ளர்கள் ரேகை கொடுக்க மறுத்து நின்றார்கள். பொலிஸ் சுட்டது. மாயக்காள் என்ற பெண் உட்படப் பதினாறு பேருக்குக் குறையாமல் மாண்டார்கள். சென்னை மாகாணத்தில் அந்தச் சட்டம் 1947-இல்தான் நீங்கியது. அதற்கு முன்பே, 1906-இல் தென்னாப்பிரிக்காவின் டிரான்ஸ்வாலில் ஆசியர் எல்லோரிடமும் பத்து விரலும் பதியக் கொண்டுவந்த சட்டத்தை எதிர்த்துத்தான் காந்தியின் சத்தியாக்கிரகம் பிறந்தது. அதில் முன்னின்று பலமுறை சிறை சென்றவர் தம்பி நாயுடு என்ற தமிழர். ரேகை எடுக்கும் வழக்கம் அங்கே வேரூன்றியதிலும் எட்வர்ட் ஹென்றிக்குப் பங்குண்டு. 1900-இல் பொலிஸ் படையை அமைக்க அவரை ஜோகன்னஸ்பர்க்குக்கு அனுப்பியிருந்தார்கள்.

விரலே எப்போதும் பிழைக்காது என்றும் சொல்லமுடியாது. 2004 மார்ச்சில் மட்ரிட் தொடருந்துக் குண்டுவெடிப்புக்குப் பிறகு, வெடிகருவிகள் இருந்த பையில் கிடைத்த அரைகுறை அடையாளமொன்று ஒரிகன் மாநிலத்து வழக்கறிஞர் பிரண்டன் மேஃபீல்டுடையது என்று அமெரிக்க எஃப்.பி.ஐ. அடித்துச் சொன்னது. இராணுவத்தில் இருந்தபோது எடுத்த அவருடைய அடையாளம் கோப்பில் இருந்தது. கணினி தந்த பட்டியலில் அவர் பெயரும் வந்தது. நிபுணர்கள் மூவர் உறுதி செய்தார்கள். அவர் இரண்டு வாரம் காவலில் இருந்தார். அந்த அடையாளம் வேறொருவருடையது என்று ஸ்பானியப் பொலிஸ் கண்டுபிடித்த பின் எஃப்.பி.ஐ. மன்னிப்புக் கேட்டது. விரல் ஒத்திருந்தது கொஞ்சம். 'ஒன்றே' என்று சொன்னது மனிதர்கள். பத்து விரலையும் சுத்தமாக எடுத்துப் பத்தோடு ஒப்பிடும் வேலைச் சான்றிதழ்ச் சோதனையில் இந்த ஆபத்து மிகக் குறைவு. ஒரே அடையாளத்தை எவ்வளவு நம்பலாம் என்ற எச்சரிக்கை தொடக்கத்திலேயே இருந்தது. 1898-இல், வங்காளத்து ஜல்பாய்குரித் தேயிலைத் தோட்ட முகாமையாளரின் கொலையில், பழைய கைதியொருவரின் பெருவிரல் அட்டையோடு அங்கே கிடைத்த பஞ்சாங்கமொன்றிலிருந்த விரல் கறை பொருந்தியது. நீதிமன்றம் அவரைத் திருட்டுக்குத் தண்டித்தது. கொலைக்குத் தண்டிக்க அந்த அடையாளம் போதாது என்று நிறுத்திக்கொண்டது. அந்த நிதானம் இன்றைக்கும் வேண்டும்.

விரலோடு மட்டும் கதை முடிவதில்லை. இலங்கைப் பொலிஸ் தலைமையகம் வழங்கும் சான்றிதழுக்கு நீங்கள் எந்தெந்தக் காலத்தில் எந்தெந்த முகவரியில் இருந்தீர்கள் என்று எழுதிக் கொடுக்கவேண்டும். அந்தந்த இடத்துப் பொலிஸ் நிலையங்களில் விசாரிப்பார்கள். வாழ்நாள் முழுவதும் ஒரே வீட்டில் இருந்தவருக்கு ஒரு வரி போதும். திருகோணமலை மாவட்டத்தில் 1980-களிலும் 90-களிலும் இடம்பெயர்ந்து, உறவினர் வீடு, பாடசாலைக் கட்டடம், முகாம் என்று அலைந்தவர்களுக்கு அந்தக் கட்டங்கள் போதாது. ஆகவே இதை வாசிக்கும் எங்கள் பிள்ளைகளிடம் ஒன்று கேட்கிறேன். அம்மாவும் அப்பாவும் நினைவோடு இருக்கும்போதே அந்த முகவரிகளையும் வருடங்களையும் ஒரு கொப்பியில் எழுதி வாங்கி வையுங்கள். பிறப்புச் சான்றிதழில் ஊர்ப்பெயர் எந்த எழுத்தில் இருக்கிறதோ அதையே எல்லாப் படிவத்திலும் எழுதுங்கள்.

அம்மாவை விரலடையாளத்துக்குக் கூட்டிப்போவதாக இருந்தால், அதற்கு மூன்று நாலு கிழமைக்கு முன்பே வயல் வேலையையும் சவர்க்காரத் தண்ணீரையும் நிறுத்துங்கள். இரவில் விரல்களுக்குத் தேங்காயெண்ணெய் பூசிவிடுங்கள். போகும் நாளில் மட்டும் நன்றாகத் துடைத்துவிடுங்கள். தட்டில் அழுத்தி வைக்க வேண்டாம், அழுத்தினால் வரப்புகள் நசிந்து பள்ளம் மறைந்துவிடும். மெல்ல வைத்தால் போதும். தெளிவில்லை என்றால் மறுபடி எடுக்கச் சொல்லிக் கேளுங்கள், வெட்கப்பட ஒன்றுமில்லை. மேல்தோல் ஏறத்தாழ ஒரு மாதத்தில் தன்னைப் புதுப்பித்துக்கொள்கிறது. ஓய்வு கிடைத்தால், தேய்ந்த கோடுகளும் தாயின் வயிற்றில் போட்ட அதே வடிவத்தில் திரும்பி வருகின்றன.